கேளாமல் செய்யப்படும் உதவி



உங்கள் இல்லத்துக் கணிப்பொறியில் இப்படியொரு நிலை எப்போதேனும் ஏற்பட்டதுண்டா? சென்ற வாரம் வரை ஆற்றொழுக்காக ஓடிக்கொண்டிருந்த ஒரு விளையாட்டு, இந்த வாரம் இடறி இடறி ஓடுகிறது. அல்லது தெளிவாகத் தெரிந்த காட்சி மங்கிப் போயிருக்கிறது. அல்லது எழுத்துகளெல்லாம் எறும்பளவாகச் சுருங்கிவிட்டன. பிள்ளை வந்து, "வாப்பா, கிராஃபிக்ஸ் கார்டு பழசாயிடுச்சு, புதுசு வாங்கணும்" என்கிறான். 'அத்தா' என்று அழைக்கும் ஊர்களிலும் கோரிக்கை இதுவேதான். நீங்கள் கடையில் விலை விசாரிக்கிறீர்கள். ஒரு மாதத்துக் குடும்பச் செலவை விழுங்கிவிடும் தொகையைக் கடைக்காரர் முகம் மாறாமல் சொல்கிறார். வீட்டில் அன்றிரவு உணவு அமைதியாக முடிகிறது.

விளையாட்டுக்கு எவ்வளவு நேரம் ஒதுக்கலாம், எந்த விளையாட்டை அனுமதிக்கலாம் என்பன தனியே பேசத்தக்கவை. அவற்றை இங்கே நான் தொடப்போவதில்லை. அனுமதித்துவிட்ட விளையாட்டு ஏன் கெட்டது என்பதையும், அதற்காகப் பணம் செலவழிக்கத்தான் வேண்டுமா என்பதையும் மட்டுமே பார்ப்போம். ஏனெனில் மேற்சொன்ன நிலைகளில் பல, கார்டு பழுதானதால் வருபவை அல்ல. பிள்ளையும் எதையும் மாற்றவில்லை, நீங்களும் மாற்றவில்லை. ஆயினும் மாற்றப்பட்டிருக்கிறது. மாற்றியது யார்? கணிப்பொறிக்குள்ளேயே அமர்ந்திருக்கும் ஓர் உதவியாளன்!

அவனைப் பற்றிச் சொல்லுமுன் கிராஃபிக்ஸ் கார்டு செய்யும் வேலையைச் சுருக்கமாக அறிந்துகொள்வோம். நான் பொறியியல் பயின்றவனல்லன். ஆகவே பொறியியல் பயிலாதவருக்கு விளங்கும் வகையிலேயே கூறுகிறேன்.

திரையில் நாம் காணும் அசைவு, உண்மையில் அடுத்தடுத்துக் காட்டப்படும் அசையாப் படங்களின் வரிசையே. பெரும்பாலான வீட்டுத் திரைகள் ஒரு நொடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படுகின்றன. அதற்கு ஈடுகொடுக்க வேண்டுமாயின் கார்டு நொடிக்கு 60 படங்களை வரைந்து தர வேண்டும். அதாவது ஒரு படத்துக்குக் கிடைக்கும் அவகாசம் ஒரு நொடியை ஆயிரம் பங்காக்கினால் அதில் ஏறத்தாழ 17 பங்கு மட்டுமே. இந்த அவகாசத்துக்குள், 1920க்கு 1080 அளவுள்ள திரையானால், 20 இலட்சத்து 73 ஆயிரத்து 600 புள்ளிகளுக்கு நிறம் தீர்மானிக்கப்பட வேண்டும். நிழல் எங்கே விழும், நீரில் எது பிரதிபலிக்கும், சுவரின் செங்கல் எவ்வளவு நுணுக்கமாகத் தெரியும் என்பதெல்லாம் அதற்குள்ளேயே கணக்கிடப்பட்டாக வேண்டும்.

ஒவ்வோர் அழகுக்கும் ஒரு விலை உண்டு. நிழலை மென்மையாக்கினால் சிறிது நேரம் செலவாகும். பிரதிபலிப்பைக் கூட்டினால் இன்னும் சிறிது. 17 பங்கு அவகாசத்தைத் தாண்டிவிட்டால் படம் தாமதமாக வரும், அசைவு இடறும். எனவே விளையாட்டைச் செய்தவர்கள், எதை வாங்குவது எதை விடுவது என்று நாமே தீர்மானித்துக்கொள்ளும் பொருட்டு 'அமைப்புகள்' என்னும் பட்டியலை ஒவ்வொரு விளையாட்டிலும் வைத்திருக்கிறார்கள். மாத வருமானத்துக்குள் குடும்பம் நடத்தும் எந்தச் சகோதரிக்கும் இக்கணக்கை விளக்க வேண்டியதில்லை.

இப்பட்டியல் சில விளையாட்டுகளில் இருபது முப்பது வரிகள் நீளும். ஒவ்வொரு வரியிலும் ஒரு புரியாத சொல். பலர் மலைத்துப்போய் அதைத் தொடாமலேயே விட்டுவிடுகிறார்கள். இந்த மலைப்பைப் போக்கவே, கிராஃபிக்ஸ் கார்டுகளைத் தயாரிக்கும் என்விடியா நிறுவனம் 2013-இல் 'ஜீஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ்' என்ற மென்பொருளை வெளியிட்டது. 2024 நவம்பரில் அதன் இடத்தை 'என்விடியா ஆப்' என்ற புதிய மென்பொருள் எடுத்துக்கொண்டது. இரண்டிலும் உள்ள ஒரு வசதிதான் நாம் பேசவந்த உதவியாளன்.

அவன் செய்வது இதுதான். நிறுவனம் தன் ஆய்வுக்கூடங்களில் பலவகைக் கார்டுகளையும் பலவகைச் செயலிகளையும் இணைத்து ஒவ்வொரு விளையாட்டையும் ஓட்டிப் பார்க்கிறது. எந்த அமைப்பு எவ்வளவு அழகு தருகிறது, அதற்கு எவ்வளவு வேகம் பலியாகிறது என்று கணக்கிட்டு ஓர் அட்டவணை வைத்துக்கொள்கிறது. உங்கள் கணிப்பொறியில் உள்ள மென்பொருள், உங்கள் கார்டின் பெயர், செயலியின் பெயர், திரையின் அளவு ஆகியவற்றைப் பார்த்து அந்த அட்டவணையிலிருந்து பொருத்தமான அமைப்புகளைத் தருவித்து, விளையாட்டின் அமைப்புக் கோப்பில் எழுதிவிடுகிறது. இதில் வஞ்சகம் ஏதுமில்லை. ஒன்றும் அறியாத ஒருவருக்கு இது நல்ல தொடக்கம் என்பதையும் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

அப்படியானால் குறை எங்கே? 'தானாகவே' என்ற சொல்லில் இருக்கிறது.

இந்த மென்பொருளில், 'புதிதாகச் சேர்க்கப்படும் விளையாட்டுகளைத் தானாகவே சீரமைத்திடு' என்று பொருள்படும் ஒரு பொத்தான் உண்டு. நிறுவும்போது 'அடுத்து, அடுத்து' என்று அழுத்திக்கொண்டே போகிறவர்களின் வீட்டில் அது இயக்கத்திலேயே இருந்துவிடும். 'புதிதாக' என்பதை நன்கு கவனியுங்கள். பிள்ளை ஆறு மாதமாக விளையாடிக்கொண்டிருப்பது உங்களுக்குப் பழைய விளையாட்டு. ஆனால் சென்ற வாரம் டிரைவர் மென்பொருளைப் புதுப்பித்தபோது அதனுடன் சேர்ந்து வந்து குடியேறிய உதவியாளனுக்கு, வீட்டில் உள்ள அனைத்துமே புதியவை. அவன் வட்டுகளைத் துழாவுகிறான், விளையாட்டுகளைக் கண்டெடுக்கிறான், தன் அட்டவணைப்படி எழுதுகிறான். ஒவ்வொன்றாகச் சோதித்துப் பிள்ளை பொறுமையாய் அமைத்து வைத்திருந்தவை அவனுடைய பேனாவின் கீழ் மறைந்துபோகின்றன. விளையாட்டை நீக்கிவிட்டு மீண்டும் நிறுவினாலும் இக்கதை திரும்பவும் நேரக்கூடும்.

போகட்டும், அவன் எழுதுவது நம்முடையதைவிடச் சிறந்ததாக இருக்குமாயின் என்ன கெட்டுவிட்டது என்று கேட்கலாம். அங்கேதான் சற்று நின்று பார்க்க வேண்டியிருக்கிறது. அவன் அறிந்திருப்பது உங்கள் கார்டின் பெயரைத்தான். அதன் மேல் படிந்துள்ள தூசியை அவன் அறியான். பாதி நின்றுபோன மின்விசிறியை அறியான். மேசைக்கும் சுவருக்கும் இடையில் காற்றுப் புகாமல் இடுங்கிக் கிடக்கும் பெட்டியை அறியான். பின்னணியில் தங்கை திறந்து வைத்திருக்கும் இருபது இணையப் பக்கங்களையும் அறியான்.

மடிக்கணிப்பொறிகளில் இந்தக் கோளாறு இன்னும் மிகுதி. ஒரே பெயரைத் தாங்கிய கார்டு எல்லா மடிக்கணிப்பொறிகளிலும் ஒரே ஆற்றலுடன் இயங்குவதில்லை. எடுத்துக்காட்டாக, 2021-இல் வந்த ஜீஃபோர்ஸ் ஆர்டிஎக்ஸ் 3060 என்னும் மடிக்கணிப்பொறிக் கார்டை 60 வாட் முதல் 115 வாட் வரை எந்த அளவு மின்சாரத்திலும் அமைத்துக்கொள்ள உற்பத்தியாளருக்கு இடமுண்டு. மெல்லிய பெட்டியில் உள்ளது ஒருவகை, தடித்த பெட்டியில் உள்ளது வேறுவகை. பெயர் ஒன்றேயானாலும் உழைப்பு ஒன்றல்ல. பெயரைப் பார்த்து எழுதும் மருந்துச்சீட்டு இருவருக்கும் எப்படிப் பொருந்தும்?

இன்னொன்று, நோக்கம். அமைதியான ஒரு பயண விளையாட்டில் மலையும் மரமும் அழகாகத் தெரிய வேண்டும் என்பான் ஒருவன், அங்கே வேகம் சற்றுக் குறைந்தாலும் கேடில்லை. போட்டி விளையாட்டில் ஈடுபடுபவனுக்கோ நிழலும் வேண்டாம், பிரதிபலிப்பும் வேண்டாம், சொடுக்கிய கணமே திரையில் விளைவு தெரிந்தால் போதும். அட்டவணையில் எழுதப்பட்டிருப்பது பொதுவான ஒரு மனிதனின் விருப்பம். அந்தப் பொது மனிதன் உங்கள் வீட்டில் வசிப்பவனல்லன்.

எறும்பளவு எழுத்தைப் பற்றிச் சொன்னேன் அல்லவா? அதற்கும் காரணம் உண்டு. 2014-இல் என்விடியா, திரையின் அளவைக் காட்டிலும் பெரிதாகப் படத்தை வரைந்து, பின்பு சுருக்கிக் காட்டும் டிஎஸ்ஆர் என்ற உத்தியைக் கொண்டுவந்தது. விளிம்புகள் மழமழவென்று தெரியும் என்பது அதன் சிறப்பு. கார்டில் ஆற்றல் மிச்சமிருப்பதாகக் கருதினால் உதவியாளன் அதையும் இயக்கிவிடுவான். 1920க்கு 1080 அளவுள்ள திரைக்கு 3840க்கு 2160 அளவில் வரையச் சொன்னால், புள்ளிகளின் எண்ணிக்கை நான்கு மடங்காகி 82 இலட்சத்து 94 ஆயிரத்து 400-ஐ எட்டும். பழைய விளையாட்டானால் கார்டு தாங்கும். ஆனால் அதில் உள்ள எழுத்துகள் திரையோடு சேர்ந்து வளரத் தெரியாதவையாக இருந்தால், சுருங்கிச் சிறுத்துப் படிக்க முடியாமல் போகும். பிள்ளை கண்ணைச் சுருக்கிப் பார்ப்பதைக் கண்டு நீங்கள் கண்மருத்துவரிடம் அழைத்துப் போகாதிருந்தால் சரி!

கார்டுடன் வரும் மென்பொருள் நம்மைக் கேளாமலே நம் சார்பில் தீர்மானிப்பது இன்று நேற்றுத் தோன்றியதன்று. 2001-இல் ஏடிஐ என்ற நிறுவனம் ரேடியான் 8500 என்ற கார்டை வெளியிட்டது. அக்காலத்தில் கார்டுகளின் வேகத்தை அளக்க அனைவரும் ஓட்டிப் பார்த்தது 'குவேக் 3' என்ற விளையாட்டை. யாரோ அதன் கோப்பின் பெயரில் 'குவேக்' என்றிருந்ததை 'குவாக்' என்று மாற்றிவிட்டு ஓட்டினார்கள். வேகம் குறைந்தது, ஆனால் படம் முன்னைவிடத் தெளிவாயிற்று! டிரைவர் மென்பொருள் விளையாட்டின் பெயரைக் கண்டுகொண்டு, காட்சியின் நுணுக்கத்தைக் குறைத்து வேகத்தைக் கூட்டிக் காட்டியிருந்தது என்பது அம்பலமாயிற்று. 2003-இல் என்விடியாவும் இதுபோன்றதொரு சர்ச்சையில் சிக்கியது. வேகம் அளக்கும் '3டிமார்க் 03' என்ற மென்பொருளைத் தயாரித்த நிறுவனம், டிரைவர் தன் சோதனையை அடையாளம் கண்டுகொள்ள இயலாதபடி திருத்தியபோது, ஜீஃபோர்ஸ் எஃப்எக்ஸ் 5900 அல்ட்ரா கார்டின் மதிப்பெண் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு சரிந்தது.

அவை விற்பனைப் போட்டியில் நிகழ்ந்தவை. விளையாடுகிறவன் தலையிலேயே விடிந்த நிகழ்ச்சி 2023-இல் நடந்தது, அதைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். ஏடிஐ நிறுவனத்தை 2006-இல் விலைக்கு வாங்கிய ஏஎம்டி நிறுவனம், 2023 செப்டம்பரில் 'ஹைப்பர்-ஆர்எக்ஸ்' என்ற வசதியை வெளியிட்டது. ஒரே சொடுக்கில் பல வேக உத்திகளைச் சேர்த்து இயக்கிவிடுவது அதன் வேலை. அவ்வுத்திகளுள் ஒன்று, சொடுக்குக்கும் திரையில் தெரியும் விளைவுக்கும் இடைப்பட்ட தாமதத்தைக் குறைக்கும் 'ஆன்டி-லேக் பிளஸ்'. அக்டோபரில் வந்த டிரைவரில் அந்த உத்தி 'கவுண்டர்-ஸ்டிரைக் 2' என்ற விளையாட்டுக்கும் நீட்டிக்கப்பட்டது. தாமதத்தைக் குறைக்க அது கையாண்ட வழி, விளையாட்டின் நிரலுக்குள் நுழைந்து அதன் செயல்களைத் தன் வழியே திருப்பிவிடுவது. கள்ளத்தனமாக விளையாடுபவர்கள் கையாளும் வழியும் அதுவே! விளையாட்டின் காவல் மென்பொருளுக்கு இவ்விரண்டையும் பிரித்தறியத் தெரியவில்லை. ஒரு குற்றமும் செய்யாத பலர், ஏமாற்றுக்காரர் எனத் தடை செய்யப்பட்டார்கள். ஏஎம்டி பயனாளர்கள் ஆன்டி-லேக் பிளஸ்ஸை இயக்க வேண்டாம் என்று விளையாட்டை நடத்தும் வால்வ் நிறுவனம் வெளிப்படையாக எச்சரித்தது. ஏஎம்டி அந்த வசதியையே திரும்பப் பெற்றது. தவறாகத் தடையுண்டவர்களை மீட்பதாக வால்வ் கூறியது. 2024-இல் ஏஎம்டி இதே நோக்கத்துக்காக 'ஆன்டி-லேக் 2' என்பதைக் கொண்டுவந்தபோது, விளையாட்டைச் செய்தவர்களே தம் நிரலில் சேர்த்துக்கொள்ளும்படியாக அதை அமைத்தது. அடுத்தவர் வீட்டுக்குள் சுவரேறிக் குதிப்பதற்கும் வாசலில் நின்று அழைப்பதற்கும் உள்ள வேறுபாடுதான் இது.

இதில் வருந்தத்தக்கது ஒன்றுண்டு. தடை செய்யப்பட்ட இளைஞனிடம் 'நீ என்ன செய்தாய்?' என்று கேட்டால், 'ஒன்றும் செய்யவில்லை' என்றுதான் சொல்வான். அது முழு உண்மை. ஆனால் வீட்டில் யார் நம்புவார்கள்?

2024 டிசம்பரில் வேறொரு செய்தி வந்தது. என்விடியா ஆப்பை நிறுவிய கணிப்பொறிகளில் சில விளையாட்டுகளின் வேகம் 15 விழுக்காடு வரை குறைவதைச் சோதனையாளர்கள் கண்டார்கள். விளையாட்டின் மீது நிறவடிகட்டிகளைப் போட்டு அழகுபார்க்க உதவும் ஒரு வசதி, யாரும் பயன்படுத்தாதபோதும் பின்னணியில் இயங்கிக்கொண்டிருந்ததே காரணம். என்விடியா அதை ஒப்புக்கொண்டு, அப்போதைக்கு அவ்வசதியை அணைத்து வைக்குமாறு அறிவுறுத்தியது.

சரி, அணைப்பது எப்படி? என்விடியா கார்டு உள்ளவர்கள் என்விடியா ஆப்பைத் திறந்து, 'செட்டிங்ஸ்' என்னும் பகுதிக்குச் செல்லுங்கள். 'ஆட்டோமேட்டிக்கலி ஆப்டிமைஸ் நியூலி ஆடட் கேம்ஸ் அண்ட் ஆப்ஸ்' என்று எழுதியிருக்கும் வரியைத் தேடிப் பிடித்து, அதன் பக்கத்தில் உள்ள பொத்தானை அணையுங்கள். பழைய ஜீஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் இன்னும் இருக்குமாயின் அதிலும் அமைப்புகளுக்குள், விளையாட்டுகள் பற்றிய பகுதியில் இதே பொருளுள்ள வரி இருக்கும். அங்குள்ள குறியை எடுத்துவிடுங்கள். அணைப்பதால் உதவியாளன் வீட்டைவிட்டு வெளியேற்றப்படுவதில்லை. 'கிராஃபிக்ஸ்' என்ற பகுதிக்குச் சென்று விளையாட்டின் பெயரைத் தேர்ந்தால், அவன் என்ன பரிந்துரைக்கிறான் என்பதை அப்போதும் பார்க்கலாம், விரும்பினால் அங்குள்ள பொத்தானை அழுத்தி ஏற்கலாம். கேட்டால் சொல்வான், கேளாமல் செய்யமாட்டான். அவ்வளவுதான் வேறுபாடு.

ஒன்றை மறவாதீர்கள். இந்தப் பொத்தானை அணைப்பது ஏற்கெனவே எழுதப்பட்டவற்றைத் திருப்பித் தராது. இனி வரப்போவதை மட்டுமே தடுக்கும். கெட்டுப்போன விளையாட்டைத் திறந்து, அதன் அமைப்புப் பட்டியலில் நம் கையாலேயே மீண்டும் சரிசெய்ய வேண்டும். டிரைவர் புதுப்பிப்புக்கும் இதற்கும் தொடர்பு இல்லை. டிரைவரை வழக்கம்போல் புதுப்பித்துக்கொள்ளுங்கள், பாதுகாப்புத் திருத்தங்கள் அதன் வழியாகத்தான் வருகின்றன.

ஏஎம்டி கார்டு உள்ளவர்கள் 'அட்ரினலின்' என்ற மென்பொருளில் விளையாட்டுக்குரிய பகுதியைத் திறந்து, 'ஹைப்பர்-ஆர்எக்ஸ்' தேர்வாகியிருந்தால் 'டிஃபால்ட்' என்ற நிலைக்கு மாற்றுங்கள். தேவைப்படும் உத்தியை மட்டும் குறிப்பிட்ட விளையாட்டுக்குத் தனியே இயக்கிக்கொள்ளலாம். அவற்றுள் 'ரேடியான் பூஸ்ட்' என்பது வேகமான அசைவின்போது காட்சியின் நுணுக்கத்தைக் குறைப்பது. 'ரேடியான் சில்' என்பது அசைவில்லாதபோது படங்களின் எண்ணிக்கையைக் குறைத்துச் சூட்டைத் தணிப்பது. அறிந்து இயக்கினால் இரண்டும் பயனுள்ளவையே. அறியாமல் இயங்கிக்கொண்டிருந்தால் 'கார்டு கெட்டுவிட்டது' என்று தோன்றச் செய்பவையும் இவையே.

மடிக்கணிப்பொறியானால் விண்டோஸையும் ஒருமுறை பாருங்கள். பல மடிக்கணிப்பொறிகளில் இரண்டு கிராஃபிக்ஸ் உறுப்புகள் உண்டு. ஒன்று செயலியோடு ஒட்டிப் பிறந்த எளியது, மற்றது தனியான வலியது. எந்த விளையாட்டுக்கு எது உழைக்க வேண்டும் என்பதை விண்டோஸ் தானே முடிவு செய்யும்படி விட்டிருந்தால், சில வேளைகளில் வலியது உறங்க எளியது மூச்சு வாங்கும். விண்டோஸின் 'செட்டிங்ஸ்' பகுதியில் 'சிஸ்டம்', அதற்குள் 'டிஸ்ப்ளே', அதற்குள் 'கிராஃபிக்ஸ்' என்று சென்றால், ஒவ்வொரு விளையாட்டுக்கும் 'ஹை பெர்ஃபார்மன்ஸ்' என்று நாமே குறித்து வைக்கலாம். மின்னிணைப்பு இல்லாமல் பேட்டரியில் விளையாடினால் எந்த அமைப்பும் முழு வேகம் தராது என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்லி வையுங்கள்.

இனி, கையால் அமைக்கும் முறை. முதலில் விளையாட்டின் தெளிவளவைத் திரையின் அளவுக்குச் சமமாக வையுங்கள். பின்பு விளையாட்டே தரும் 'மீடியம்' என்ற நடுத்தரத் தொகுப்பைத் தேர்ந்துகொண்டு, அதில் ஓரிடத்தில் இரண்டு நிமிடம் உலவிப் பாருங்கள். வேகத்தைக் காட்டும் எண்ணை 'ஸ்டீம்' மென்பொருளின் அமைப்புகளிலேயே இயக்கலாம். அடுத்து ஒரே ஒரு வரியை மாற்றி, அதே இடத்தில் மீண்டும் உலவுங்கள். ஒரே நேரத்தில் ஐந்தை மாற்றினால் எது உதவியது, எது கெடுத்தது என்று தெரியாமலே போகும்.

எதிலிருந்து தொடங்குவது என்றால், நிழலிலிருந்து. பல விளையாட்டுகளில் அதிக விலை கேட்பதும், ஒரு படி குறைத்தால் கண்ணுக்கு அதிகம் தெரியாததும் அதுவே. ஒளிக்கதிர் ஒவ்வொன்றையும் பின்தொடர்ந்து கணக்கிடும் 'ரே டிரேசிங்' இருக்குமாயின், இடைநிலைக் கார்டுகளில் தயங்காமல் அணைத்துவிடலாம். 'டெக்ஸ்சர்' என்பது பரப்புகளின் நுணுக்கம். அது கார்டின் நினைவகத்தைப் பொறுத்தது. நினைவகம் போதுமானால் உயர்த்தி வைத்தாலும் வேகம் பெரிதாகக் குறையாது. போதாவிட்டால் விளையாட்டு அவ்வப்போது ஒரு கணம் உறைந்து நிற்கும். டிஎல்எஸ்எஸ், எஃப்எஸ்ஆர் என்பவை படத்தைச் சிறிதாக வரைந்து பெரிதாக்கிக் காட்டும் உத்திகள். அவற்றில் 'குவாலிட்டி' என்ற நிலை பெரும்பாலோருக்குப் போதும்.

சராசரி எண்ணை மட்டும் நம்பிவிடாதீர்கள். ஒரு நொடியில் 60 படங்கள் வந்தன என்பது உண்மையாக இருக்கலாம். ஆனால் 55 படங்கள் முதல் அரை நொடியில் விரைந்து வந்து, மீதி ஐந்தும் அடுத்த அரை நொடியில் தடுமாறி வந்தாலும் கணக்கு 60 தான். கண்ணுக்கோ அது இடறல். அட்டவணைகள் கோட்டைவிடுவது இந்த இடத்தில்தான்.

இப்போது, கடைக்காரரிடம் பணம் கொடுக்குமுன் ஒவ்வொரு தந்தையும் செய்யவேண்டிய ஒரு சோதனையைச் சொல்கிறேன். விளையாட்டின் தெளிவளவை வெகுவாகக் குறையுங்கள். 1920க்கு 1080 என்றிருப்பதை 1280க்கு 720 ஆக்குங்கள். டிஎல்எஸ்எஸ் போன்ற உத்திகளும், வேகத்துக்கு வரம்பு கட்டும் 'விசிங்க்' முதலியவையும் அணைந்திருக்கட்டும். புள்ளிகளின் எண்ணிக்கை பாதிக்கும் கீழே இறங்கிவிட்டது, கார்டின் சுமையும் அவ்வாறே. இப்போது வேகம் நன்றாகக் கூடினால், தடையாக இருந்தது கார்டுதான். மகன் சொல்வதில் நியாயம் உண்டு, பேசலாம். வேகம் கொஞ்சமும் கூடவில்லையெனில் தடை கார்டில் இல்லை. செயலியிலோ, ராம் நினைவகத்திலோ, சூட்டிலோ இருக்கிறது. அந்நிலையில் எவ்வளவு விலையுயர்ந்த கார்டை வாங்கிப் பொருத்தினாலும் விளையாட்டு அதே நடைதான் நடக்கும். ஐந்து நிமிடச் சோதனை இது. பெட்டியைத் திறந்து தூசியைத் தட்டுவதையும் சேர்த்தால் அரை மணி நேரம்.

பொத்தானை அணைத்த பிறகும் அமைப்புகள் மாறிக்கொண்டே இருக்கின்றன என்றால், வேறு இரண்டு காரணங்களைப் பாருங்கள். சில விளையாட்டுகள் புதிய கார்டையோ புதிய டிரைவரையோ கண்டதும் தாமே மறுபடியும் கணக்கிட்டு எழுதிக்கொள்ளும். அதை விளையாட்டுக்குள்ளேதான் சரிசெய்ய வேண்டும். மற்றது, 'ஸ்டீம் கிளவுட்'. அண்ணன் விடுதியில் தன் மடிக்கணிப்பொறியிலும், விடுமுறையில் வீட்டுக் கணிப்பொறியிலும் ஒரே கணக்கில் விளையாடுகிறான் என வைத்துக்கொள்வோம். சில விளையாட்டுகள் ஆட்டத்தின் நிலையோடு அமைப்புக் கோப்பையும் சேர்த்தே இணையத்தின் வழி அனுப்பிவைக்கும். மடிக்கணிப்பொறிக்காகத் தாழ்த்தியது வீட்டிலும் தாழ்ந்து நிற்கும். ஸ்டீமில் அந்த விளையாட்டின் 'ப்ராப்பர்டீஸ்' பக்கத்தில் இந்த ஒத்திசைவை நிறுத்தலாம். நிறுத்தினால் ஆட்டத்தின் நிலையும் பயணம் செய்யாது என்பதால், அண்ணனைக் கேட்டுவிட்டு நிறுத்துங்கள். கோப்பை 'படிக்க மட்டும்' என்று பூட்டிவிடலாம் என்று சிலர் யோசனை சொல்வார்கள். அப்படிப் பூட்டினால் விளையாட்டேகூட எழுத முடியாமல் தவிக்க நேரிடும். கடைசி வழியாக மட்டும் அதை வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரே கணிப்பொறியைப் பிள்ளைகள் இருவர் பகிர்ந்துகொள்ளும் வீடுகளில், விண்டோஸில் இருவருக்கும் தனித்தனிக் கணக்கு ஏற்படுத்திக் கொடுப்பது நலம். பல விளையாட்டுகள் அமைப்புக் கோப்பை அவரவர் கணக்கின் கீழ் வைப்பதால், ஒருவன் அமைத்ததை மற்றவன் கலைக்க நேராது. சரியாக அமைந்த எண்களை ஒரு தாளில் எழுதி, மேசை இழுப்பறையில் போட்டு வைக்கச் சொல்லுங்கள். அடுத்த டிரைவர் புதுப்பிப்பு முடிந்ததும் அந்தப் பொத்தான் அணைந்தே இருக்கிறதா என்று ஒருமுறை திறந்து பார்த்துவிட்டு, தாளில் உள்ளதோடு விளையாட்டில் உள்ளதை ஒப்பிட்டுக்கொண்டால் போதும்.